மகஜரில் எழுதிய எடையும் பையனின் ஜாமீனும்

கேள்வி: பாபநாசம் பக்கத்தில் ஒரு கிராமத்திலிருந்து எழுதுகிறேன். வீட்டுக்காரர் குவைத்தில் வேலை பார்க்கிறார். மகனுக்கு 21 வயது. பாலிடெக்னிக் முடித்துவிட்டு மொபைல் கடையில் இருந்தான். சென்ற மாதம் ஒருநாள் இரவு 9 மணி வாக்கில் சாதாரண உடையில் மூன்று பேர் வந்து அவனை வீட்டிலிருந்து கூட்டிப்போனார்கள். மறுநாள் மாலை 4 மணிக்கு, அவனும் அவன் கூட்டாளியும் என் பெயரில் உள்ள டூவீலரில் பைபாஸ் அருகே 1 கிலோ 400 கிராம் கஞ்சாவுடன் பிடிபட்டதாக எஃப்.ஐ.ஆர். போட்டிருக்கிறார்கள். பை கூட்டாளியின் தோளில் இருந்தது என்று அதிலேயே இருக்கிறது. அன்று இரவு 11 மணிக்கு மாஜிஸ்திரேட் முன் நிறுத்தி ரிமாண்ட் செய்தார்கள். 24 நாளாகத் திருச்சி மத்திய சிறையில் இருக்கிறான். சோதனை சட்டப்படி நடக்கவில்லை, ஜாமீன் உடனே கிடைக்கும் என்கிறார் ஒருவர். கஞ்சா கேஸில் ஆறு மாதத்துக்கு ஜாமீனே கிடையாது என்கிறார் இன்னொருவர். வலங்கைமானில் இருக்கும் என் அண்ணன் நேராகச் சென்னை ஹைகோர்ட்டுக்குப் போகச் சொல்கிறார். 2 லட்சம் கொடுத்தால் எடையைக் குறைத்துவிடலாம் என்றும் ஒருவர் வந்து பேசினார். யார் சொல்வதைக் கேட்பது? என் வண்டி திரும்பக் கிடைக்குமா?

பதில்: அம்மா, உங்களுக்கு யோசனை சொன்ன நான்கு பேரில் அந்த 2 லட்சத்துக்காரரைத் தவிர யாரும் பொய் சொல்லவில்லை. வேறு யாருடைய வழக்கிலோ நடந்ததை உங்கள் மகன் வழக்குக்கும் பொருந்தும் என்று நினைத்துச் சொல்லியிருக்கிறார்கள். போதைப்பொருள் வழக்கில் அப்படி ஒன்றை இன்னொன்றோடு பொருத்தவே முடியாது. என்ன பொருள், எவ்வளவு எடை, எங்கே எடுத்தார்கள் என்பதில் ஒன்று மாறினாலும் சட்டம் வேறு பக்கம் போய்விடும்.

முதலில் எடை. 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டம் ஒவ்வொரு பொருளுக்கும் சிறிய அளவு, வணிக அளவு என்று இரண்டு கோடுகள் போட்டிருக்கிறது. ஹெராயின் என்றால் 5 கிராமும் 250 கிராமும். கஞ்சாவுக்கு 1 கிலோவும் 20 கிலோவும். 1 கிலோவுக்குள் என்றால் அதிகபட்சம் ஓராண்டு சிறை, அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். 20 கிலோவுக்கு மேல் போனால் குறைந்தது 10 ஆண்டு, கூடினால் 20 ஆண்டு. உங்கள் மகனுடைய 1 கிலோ 400 கிராம் இந்த இரண்டுக்கும் நடுவில் வருகிறது. இதை நாங்கள் இடைப்பட்ட அளவு என்போம். தண்டனை 10 ஆண்டு வரை போகலாம், அபராதம் 1 லட்சம் வரை. ஆனால் குறைந்தபட்சத் தண்டனை என்று எதுவும் இல்லை.

ஆறு மாதம் ஜாமீன் இல்லை என்ற பேச்சு வணிக அளவு வழக்கிலிருந்து வருவது. அங்கே பிரிவு 37 குறுக்கே நிற்கும். அரசு வழக்கறிஞர் எதிர்த்தால், இவர் குற்றம் செய்யவில்லை என்று நம்ப நியாயமான காரணம் இருக்கிறது, வெளியே போனாலும் குற்றம் செய்யமாட்டார் என்று இரண்டையும் நீதிபதி ஏற்றால்தான் ஜாமீன். புலனாய்வு முடிக்க போலீசுக்கு 180 நாள் அவகாசம், அதை ஓராண்டு வரை நீட்டிக்கவும் கேட்கலாம். கோடியக்கரை, வேதாரண்யம் பக்கம் இலங்கைக்குக் கடத்த வைத்திருந்த மூட்டை மூட்டையான கஞ்சா பிடிபட்டது என்று படிக்கிறோமே, அந்த மாதிரி வழக்குகள்தான் இதில் மாட்டும். இடைப்பட்ட அளவுக்குப் பிரிவு 37-இன் அந்த இரட்டை நிபந்தனை பொருந்தாது. முன்வழக்கு இருக்கிறதா, ஊரைவிட்டு ஓடிவிடுவாரா, சாட்சிகளைக் கலைப்பாரா, புலனாய்வு எந்த அளவில் இருக்கிறது என்று மற்ற வழக்குகளில் பார்ப்பதைத்தான் இங்கேயும் பார்ப்பார்கள்.

ஆனால் கிடைக்கக்கூடியது என்பதற்கும் உடனே கிடைக்கும் என்பதற்கும் வித்தியாசம் உண்டு. கைதான முதல் வாரத்தில் போடும் மனு, புலனாய்வு ஆரம்பக்கட்டம் என்ற ஒரே வரியில் தள்ளுபடியாவது சாதாரணம். 24 நாள் கடந்த பிறகு முதல் வழக்கு, படித்த பையன், நிலையான முகவரி, பை இன்னொருவர் தோளில் என்று சொல்லிக் கேட்பதற்கு நல்ல அடிப்படை இருக்கிறது. ஏற்கெனவே ஒரு மனு தள்ளுபடி ஆகியிருந்தால் புது மனுவில் அதை மறைக்காமல் குறிப்பிடச் சொல்லுங்கள். மறைத்தது தெரிந்தால் நீதிபதிக்கு வரும் கோபம் உங்கள் மகன் தலையில்தான் விடியும்.

இன்னொரு கணக்கு இருக்கிறது, இதை யாரும் உங்களிடம் சொன்னதாகத் தெரியவில்லை. 10 ஆண்டு வரை போகலாம் என்ற தண்டனைக்கும், குறைந்தது 10 ஆண்டு என்ற தண்டனைக்கும் புலனாய்வுக் கெடு வேறு வேறு. முதல் வகைக்கு 60 நாள்தான் என்று 2017-இல் ராகேஷ் குமார் பால் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உங்கள் மகனுக்கு அந்த 60 நாள்தான். ரிமாண்ட் செய்த நாளையும் சேர்த்து எண்ணுங்கள். 60 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கலாகவில்லை என்றால், 61-ஆவது நாள் நீதிமன்றம் திறந்ததும் மனு உள்ளே போயிருக்க வேண்டும். அந்த ஜாமீன் உரிமை, நீதிபதி மனசு வைத்துக் கொடுப்பது அல்ல. ஆனால் நீங்கள் மனு போடுவதற்கு முன் குற்றப்பத்திரிகை வந்துவிட்டால் உரிமை போய்விடும். நாளைக்குப் பார்க்கலாம் என்று விட்ட ஒரு நாளில் இதை இழந்த குடும்பங்கள் உண்டு. காலண்டரில் அந்தத் தேதியை இன்றைக்கே வட்டம் போட்டுவிடுங்கள்.

சரி, சோதனைக்கு வருவோம். சோதனை தப்பு, அதனால் ஜாமீன் என்று சொன்னவர் பிரிவு 50-ஐ மனதில் வைத்துச் சொல்லியிருப்பார். ஒருவருடைய உடம்பைச் சோதிப்பதற்கு முன், உன்னை ஒரு மாஜிஸ்திரேட் முன்போ கெஜட்டட் அதிகாரி முன்போ சோதிக்கக் கேட்க உனக்கு உரிமை இருக்கிறது என்று போலீஸ் சொல்லியாக வேண்டும். பல்தேவ் சிங் வழக்கில் 1999-லும், விஜய்சிங் சந்துபா ஜடேஜா வழக்கில் 2010-லும் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வுகள் இதைக் கண்டிப்பாகச் சொல்லியிருக்கின்றன. இரண்டு பேரையும் சேர்த்து நிற்கவைத்து ஒரே தாளில் கையெழுத்து வாங்குவது செல்லாது, தனித்தனியாகச் சொல்ல வேண்டும் என்று 2014-இல் ஒரு தீர்ப்பு இருக்கிறது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் இந்தப் பாதுகாப்பு உடம்புக்குத்தான். தோளில் தொங்கும் பை, கையில் இருக்கும் சாக்கு, வண்டியின் சீட்டுக்கு அடியில் உள்ள பெட்டி இவையெல்லாம் உடம்பு ஆகாது என்று 2005-லும் சொன்னார்கள், 2023-லும் திரும்பச் சொன்னார்கள். உங்கள் வழக்கில் கஞ்சா பையிலிருந்து எடுத்ததாகத்தான் இருக்கிறது. பிரிவு 50-ஐ மட்டும் நம்பி வழக்கை நடத்தச் சொல்பவர் எஃப்.ஐ.ஆரைச் சரியாகப் படிக்கவில்லை.

இடத்தையும் கவனியுங்கள். ரகசியத் தகவலின் பேரில் ஒரு வீட்டில் சோதனை போட்டிருந்தால் பிரிவு 42 வரும். தகவலை எழுத்தில் பதிந்து 72 மணி நேரத்துக்குள் மேலதிகாரிக்கு அனுப்ப வேண்டும். பொழுது சாய்ந்த பிறகு வாரண்ட் இல்லாமல் நுழைந்தால், ஏன் காத்திருக்க முடியவில்லை என்று காரணம் எழுத வேண்டும். சாலையோரம், பஸ் ஸ்டாண்டு, டீக்கடை மாதிரி பொது இடம் என்றால் பிரிவு 43, இந்தச் சிரமம் எதுவும் இல்லை. மகஜர் என்பது எங்கே, என்ன, எவ்வளவு கைப்பற்றினார்கள் என்று சாட்சிகள் கையெழுத்தோடு போலீஸ் எழுதும் பத்திரம். நிறைய மகஜர்களில் சம்பவ இடம் பைபாஸாகவும் ஆற்றுப்பாலமாகவும் இருப்பதற்கு இதுவும் ஒரு காரணமோ என்று எங்கள் தொழிலில் இருப்பவர்களுக்குச் சந்தேகம் வராமல் இருக்காது. சந்தேகம் சாட்சியம் ஆகாது, அது வேறு விஷயம்.

இதைவிட முக்கியமாக ஒன்று. சோதனையில் பிழை இருந்தாலும், அந்தப் பிழை ஒன்றைக் காட்டி ஜாமீன் கேட்க முடியாது என்ற போக்கில்தான் உச்ச நீதிமன்றம் 2024 டிசம்பரில் காஷிஃப் வழக்கில் பேசியது. மாஜிஸ்திரேட் முன்னிலையில் எடைபோட்டு மாதிரி எடுக்கச் சொல்லும் பிரிவு 52ஏ பற்றிய வழக்கு அது. சோதனைப் பிழைகள் பெரும்பாலும் விசாரணையில், சாட்சிக் கூண்டில் நிற்கும் சப்-இன்ஸ்பெக்டரையும் மகஜர் சாட்சிகளையும் குறுக்கு விசாரணை செய்யும்போது வேலை செய்பவை. ஜாமீன் மனுவில் அவற்றைச் சொல்லலாம், சொல்லவும் வேண்டும், ஆனால் நீதிபதி அதற்குள் ஆழமாகப் போகமாட்டார். எடையைத்தான் பார்ப்பார்.

அப்படியானால் இரவு 9 மணிக்கு வீட்டிலிருந்து கூட்டிப்போனது பயன்படாதா? பயன்படும். உங்கள் கடிதத்திலேயே கனமான விஷயம் அதுதான். போலீஸ் கணக்குப்படி மாலை 4 மணிக்குக் கைது, 11 மணிக்கு ரிமாண்ட், 7 மணி நேரம். உங்கள் கணக்குப்படி முந்தைய இரவு 9 மணி, அதாவது 26 மணி நேரம். கைதானவரை 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும் என்பது அரசியல் சாசனத்தின் 22-ஆவது பிரிவு. நீங்கள் சொல்வது நிரூபணமானால் கைதே சட்டவிரோதம், பைபாஸ் கதையும் சேர்ந்து ஆட்டம் காணும். கைதுக்கான காரணத்தைக் கைதானவருக்குப் புரியும்படி தெரிவிக்கவில்லை என்றால், ஜாமீனுக்குச் சட்டத் தடை இருக்கும் வழக்கில்கூட அது ஜாமீனுக்குக் காரணமாகும் என்று 2025-இல் விஹான் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. காரணத்தை எழுத்தில் கொடுத்தார்களா, உங்களுக்கு யார், எத்தனை மணிக்குத் தகவல் சொன்னார்கள் என்று யோசித்துப் பார்த்து எழுதிவையுங்கள்.

ஆனால் நீங்கள் தாய், உங்கள் வாய்வார்த்தை மட்டும் போதாது. தெருமுனைக் கடையிலோ, கூட்டுறவுச் சங்கத்திலோ, பக்கத்து வீட்டிலோ கேமரா இருந்தால் இன்றைக்கே போய்ப் பாருங்கள். அந்தப் பதிவுகள் சில வாரங்களில் தானாக அழிந்து புதியது ஏறிவிடும், 24 நாள் ஏற்கெனவே போய்விட்டது. இருந்தால் ஒரு பென்டிரைவில் வாங்கி, யாரிடம் எந்தத் தேதியில் வாங்கினீர்கள் என்றும் குறித்துக்கொள்ளுங்கள். காவல் நிலையங்களிலும் கேமரா வைத்துப் பதிவைப் பாதுகாக்க வேண்டும் என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. அந்த இரவின் பதிவை அழிக்காமல் வைக்க உத்தரவிடும்படி வக்கீல் மனு போடலாம். மகனின் செல்போன் அன்றிரவும் மறுநாள் பகலும் எந்த டவரில் இருந்தது என்பதற்கும் அப்படியே. 2024 ஜூலையில் வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 105-படி சோதனையையும் கைப்பற்றுதலையும் வீடியோ எடுத்து மாஜிஸ்திரேட்டுக்கு அனுப்ப வேண்டும். அந்த வீடியோ இருக்கிறதா என்று கேட்கச் சொல்லுங்கள். இல்லை என்ற பதிலும் விசாரணையில் நமக்கு உதவும். அன்றிரவு நீங்கள் யாருக்காவது போன் செய்து அழுதிருந்தால், குவைத்துக்கு வாட்ஸ்அப்பில் பேசியிருந்தால், அந்த நேரமும் சாட்சிதான், அழித்துவிடாதீர்கள். மகனுக்குச் சாதகமில்லாதது என்று நினைத்து எதையும் அழிக்கவும் வேண்டாம். அது தனிக் குற்றம்.

இனி எடைக்குத் திரும்புகிறேன். சட்டத்தில் கஞ்சா என்பது செடியின் பூவும் காயும் உள்ள நுனிப்பகுதி. அந்த நுனி இல்லாமல் தனியாக இருக்கும் இலையும் விதையும் அதில் சேராது. ஆனால் நடைமுறையில் தண்டு, காம்பு, இலை எல்லாவற்றையும் ஒரே பொட்டலமாகத் தராசில் வைத்துவிடுவார்கள். 1 கிலோ 400 என்பதில் தண்டும் காம்பும் எவ்வளவு என்ற கேள்வி, 1 கிலோ கோட்டுக்கு இவ்வளவு பக்கத்தில் இருக்கும் வழக்கில் உயிர்க்கேள்வி. மாஜிஸ்திரேட் முன் பட்டியலிட்டு மாதிரி எடுக்கும் கட்டம் முடிந்ததா, முடிந்திருந்தால் அதில் பொருளை எப்படி வர்ணித்திருக்கிறார்கள் என்று உங்கள் வக்கீல் நகல் வாங்கிப் பார்க்கட்டும். நீதிமன்றங்கள் இந்த வாதத்தை எல்லா வழக்கிலும் ஏற்பதில்லை. இருந்தாலும் கேட்காமல் விடக் கூடாது.

எடையைக் குறைக்கச் சட்டத்தில் இருக்கிற வழி இது மட்டும்தான். அந்த 2 லட்சத்துக்காரர் சொல்லும் வழி இல்லை. மகஜர் கையெழுத்தாகி, எஃப்.ஐ.ஆர். நீதிமன்றத்துக்குப் போய், பொருளும் போன பிறகு எடையை யாரும் மாற்ற முடியாது. பணத்தை வாங்கிக்கொண்டு, எப்படியும் கிடைக்கவிருந்த ஜாமீனைத் தான் வாங்கிக் கொடுத்ததாகச் சொல்வார், அவ்வளவுதான். லஞ்சம் கொடுப்பதும் குற்றம் என்பதால் நாளைக்கு நீங்களும் மாட்டிக்கொள்வீர்கள்.

உங்கள் அண்ணன் சொன்னதும் அவர் ஊர்க் கணக்கில் சரி. வலங்கைமான் திருவாரூர் மாவட்டம். அந்த மாவட்டத்து வழக்கும், நாகை, மயிலாடுதுறை வழக்கும் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போகும். பாபநாசம் தஞ்சாவூர் மாவட்டம், அது மதுரைக் கிளைக்குப் போகும். நடுவில் ஓர் ஆற்றுப்பாலம்தான் இருக்கும், ஆனால் ஹைகோர்ட் மாறிவிடும். வழக்குப் பதிந்த காவல் நிலையம் எந்த மாவட்டம் என்பதுதான் கணக்கு, நீங்கள் குடியிருக்கும் ஊர் அல்ல. முதலில் உங்கள் வழக்கு நடக்கும் சிறப்பு நீதிமன்றத்தில் மனு போடுங்கள், தள்ளுபடியானால் அந்த உத்தரவு நகலோடு மதுரை.

கூட்டாளியின் வீட்டார் வைத்திருக்கும் வக்கீலையே உங்கள் மகனுக்கும் வைத்திருக்கிறீர்களா? அப்படி இருந்தால் மாற்றுங்கள். பை என் தோளில் இல்லை, அதில் என்ன இருந்தது என்று எனக்குத் தெரியாது என்பதுதான் உங்கள் மகனின் வாதம். அது கூட்டாளிக்கு எதிரான வாதம். ஒரே வக்கீல் இரண்டையும் பேச முடியாது. தெரிந்தே வைத்திருந்தார் என்று ஊகிக்க இந்தச் சட்டம் நீதிமன்றத்துக்கு இடம் தருகிறது, தெரியாது என்று காட்டும் சுமை பெருமளவு உங்கள் மகன் பக்கம் வரும். அதனால் இந்த வாதத்தை முதல் நாளிலிருந்தே தெளிவாக வைக்க வேண்டும். உண்மையிலேயே தெரியாதா என்று நான் உங்களைக் கேட்கவில்லை. சிறைக்கு மனுப் பார்க்க, அதாவது அவனை நேரில் பார்த்துப் பேசப் போகும்போது நீங்களும் கேட்காதீர்கள், சிறையில் பேசுவது தனிமையில் பேசுவதாகாது. வக்கீல் கேட்கட்டும். போலீசிடம் கொடுத்ததாகச் சொல்லும் ஒப்புதல் வாக்குமூலத்தைப் பேப்பரில் பார்த்துப் பயப்படவும் வேண்டாம், குற்றத்தை ஒப்புக்கொண்டதற்கு ஆதாரமாக அது நீதிமன்றத்தில் செல்லாது.

வக்கீலுக்குப் பணம் கஷ்டம் என்றால் தஞ்சாவூர் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். காவலில் இருப்பவருக்கு வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

ஜாமீன் உத்தரவு வந்ததும் அடுத்த தலைவலி ஜாமீன்தாரர்கள். பெரும்பாலும் இரண்டு பேர் கேட்பார்கள், ஒருவர் ரத்த சொந்தமாக இருக்கச் சொல்வதும் உண்டு. நம் பக்கம் நிலம் இருக்கும், ஆனால் பட்டா இன்னும் தாத்தா பெயரில் கூட்டுப்பட்டாவாக இருக்கும், அதை வைத்துக்கொண்டு அலைவார்கள். ஆதார், ரேஷன் கார்டு, வீட்டு வரி ரசீது, சம்பளச் சான்று இவற்றில் எதை உங்கள் நீதிமன்றம் ஏற்கிறது என்று இப்போதே விசாரித்து ஆட்களைத் தயார் செய்யுங்கள். கோர்ட் வாசலில் வாடகைக்கு நிற்கும் ஜாமீன்தாரர் வேண்டவே வேண்டாம். உத்தரவு வந்து 7 நாளாகியும் வெளியே வர முடியவில்லை என்றால், சிறைக் கண்காணிப்பாளர் அதைச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2023-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது, அதையும் கேளுங்கள். வெளியே வந்த பிறகு கண்டிஷன் கையெழுத்து இருக்கும். அறுப்பு, கல்யாணம், காய்ச்சல் எதுவானாலும் சொல்லாமல் ஒரு நாள்கூட விடக் கூடாது. போக முடியாத நாளுக்கு வக்கீல் மூலம் முன்கூட்டியே அனுமதி வாங்குங்கள்.

அதே கும்பலோடு திரும்பப் பழகினால் இரண்டாவது வழக்கு வரும். அப்போது ஜாமீன் ரத்து மட்டுமில்லை, குண்டர் சட்டம் என்று நாம் சொல்லும் 1982-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டத்தில் போதைப்பொருள் குற்றவாளி என்று 12 மாதம் வரை தடுப்புக்காவலில் வைக்கலாம். அதற்கு ஜாமீன் கிடையாது, தடுப்புக்காவல் சரிதானா என்று பார்க்கும் அறிவுரைக் குழுமத்திலும் ஹைகோர்ட்டிலும்தான் போராட வேண்டும். மகனுக்குப் பழக்கம் இருக்கிறது என்று உங்களுக்குத் தெரிந்தால் 14446-இல் பேசுங்கள், தஞ்சாவூர் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநலப் பிரிவு இருக்கிறது. ஆனால் அவன் உபயோகிப்பவன் என்று ஜாமீன் மனுவில் எழுதுவதா வேண்டாமா என்பதை வக்கீலிடம் விடுங்கள். சிகிச்சைக்குப் போகிறவருக்கு வழக்கிலிருந்து விலக்குத் தரும் பிரிவு 64ஏ, சிறிய அளவுக்கும் உபயோகித்த குற்றத்துக்கும்தான். 1 கிலோ 400-க்கு அது வராது. அவசரப்பட்டு ஒப்புக்கொண்டால், பையில் என்ன இருந்தது என்று தெரியாது என்ற வாதம்தான் அடிபடும்.

கடைசியாக வண்டி. கஞ்சா வழக்கில் பிடித்த வண்டி ஏலத்துக்குத்தான் போகும் என்று ஸ்டேஷனில் சொல்லியிருப்பார்கள். வழக்கு முடியும்வரை உரிமையாளரிடம் தற்காலிகமாக ஒப்படைக்கலாம், போதைப்பொருள் சட்டம் அதைத் தடுக்கவில்லை என்று 2025 ஜனவரியில் விஸ்வஜித் டே வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆர்.சி. உங்கள் பெயரில் இருக்கிறது, நீங்கள் குற்றவாளி இல்லை, வண்டி எதற்குப் போனது என்று உங்களுக்குத் தெரியாது. இதையே பிரமாணப் பத்திரமாக எழுதி, ஆர்.சி., இன்ஷூரன்ஸ் நகல் வைத்துச் சிறப்பு நீதிமன்றத்தில் தனி மனுவாகப் போடுங்கள். ஜாமீன் மனுவோடு சேர்க்க வேண்டாம். விற்கக் கூடாது, நிறம் மாற்றக் கூடாது, கூப்பிட்டபோது கொண்டுவர வேண்டும் என்று நிபந்தனை போட்டுக் கொடுப்பார்கள். இன்ஷூரன்ஸ் காலாவதியாகியிருந்தால் மனுப் போடுவதற்கு முன் புதுப்பித்துவிடுங்கள்.